தூரத்து மீனும் பக்கத்து மீனும்

கொரியா தேசம் இப்போது காவிரிக் கரைக்கு ரொம்பக் கிட்டத்தில் வந்துவிட்டது. 1990களில் சென்னைக்கு மேற்கே கொரியாக்காரர்களின் மோட்டார் தொழிற்சாலை வந்தது. பிறகு அவர்கள் நாட்டுத் தொடர்கதைகள் கைபேசி வழியாக வீட்டுக்குள் வந்தன. இன்று கும்பகோணத்திலோ மன்னார்குடியிலோ கூடத்து ஊஞ்சலில் உட்கார்ந்திருக்கும் பாட்டியம்மாளுக்குக்கூட, சியோல் என்று ஒரு பட்டணம் உண்டு, அங்கே பனி கொட்டும், ஜனங்கள் எதற்கெடுத்தாலும் குனிந்து மரியாதை செய்வார்கள் என்பதெல்லாம் தெரிந்திருக்கிறது. பேரன் உத்தியோக நிமித்தமாக அங்கே போய்விட்டு வருகிறான். வந்தவன் கதை சொல்கிறான். அரண்மனையைப் பற்றி இரண்டு வார்த்தை. மீன் கடையைப் பற்றி இரண்டு மணி நேரம்.

சியோலில் நோரியாங்ஜின் என்று ஒரு மீன் சந்தை. 1927-ல் ரயில் நிலையத்துக்குப் பக்கத்தில் தொடங்கி, 1971-ல் இப்போதிருக்கும் பேட்டைக்கு மாறிற்று. விடிவதற்கு வெகு நேரம் முன்பே ஏலம். கண்ணாடித் தொட்டிகளில் மீனும் நண்டும் உயிரோடு நெளிந்துகொண்டிருக்கும். நமக்கு வேண்டியதைக் கைகாட்டினால் எடுத்து அறுத்துக் கொடுப்பார்கள். அதைப் பக்கத்துச் சாப்பாட்டுக் கடையில் கொடுத்தால் சமைத்து இலையில், அதாவது தட்டில், வைப்பார்கள். பூசான் துறைமுகத்தில் ஜகால்ச்சி என்று இன்னொரு சந்தை. 1950 முதல் 1953 வரை நடந்த யுத்தத்தில் ஊரை இழந்து தெற்கே ஓடிவந்த பெண்கள் அங்கே மீன் விற்றுக் குடும்பத்தைக் காப்பாற்றினார்கள். அந்தப் பெண்களால்தான் அந்தச் சந்தைக்கே புகழ். நறுக்கிய பிறகும் கால் துடிக்கும் சிறு கணவாய் ஜாதி ஒன்றை எண்ணெயில் தோய்த்துத் தின்கிறார்கள் என்று பேரன் சொல்லும்போது, வெங்காயம்கூட உள்ளே வராத அந்த வீட்டில் எல்லோரும் வாயைப் பிளந்துகொண்டு கேட்கிறார்கள். "அப்புறம்?" என்கிறாள் பாட்டி.

அந்தச் சமயத்தில் வாசலில், "மீனோ, மீன்!" என்று ஒரு குரல் போகிறது. "அந்த ஜன்னலைச் சாத்து" என்கிறாள் அதே பாட்டி.

பாட்டியைக் கேலி செய்வதற்காக இதைச் சொல்லவில்லை. பாட்டியிடம் வெளிப்படையாக இருப்பது நம்மில் பல பேரிடம் நாசூக்காக மறைந்து இருக்கிறது. எண்ணாயிரம் மைல் தள்ளி இருக்கும் மீன் ஒரு சுவாரஸ்யமாகவும், எட்டு வீடு தள்ளி இருக்கும் மீன் ஒரு நாற்றமாகவும் ஏன் இருக்க வேண்டும்? மைல் கணக்கில் மிகைப்படுத்திவிட்டேனோ என்னவோ, விஷயம் மிகையில்லை. இது மூக்கைப் பற்றிய கேள்வி மாதிரித் தோன்றுகிறது. கொஞ்சம் கிளறினால் இது மூக்கோடு நிற்கிற கேள்வி இல்லை என்று தெரியும்.

சுலபமான பதில் ஒன்று உண்டு. கதையில் வாசனை வராது. பேரன் சொல்லும் மீன் வார்த்தையாக வருகிறது, கூடைக்காரி மீன் மீனாகவே வருகிறது என்று சொல்லிவிடலாம். ஆனால் அந்தப் பேரனும் அதே வீட்டுப் பிள்ளைதான். அவன் மூக்கும் அந்த வீட்டில் வளர்ந்த மூக்குதான். நோரியாங்ஜினில் ஈரத் தரையில் பாண்டை மடித்து விட்டுக்கொண்டு இரண்டு மணி நேரம் சுற்றினவன், தன் ஊர் மீன் மார்க்கெட் இருக்கும் தெருவைத் தவிர்த்துச் சுற்றுவழியில் போகிறான். வாசனை இரண்டு இடத்திலும் ஏறக்குறைய ஒன்றுதான். ஆகவே அது காரணமில்லை.

காரணம், சியோலில் அவன் விருந்தாளி. அந்த மீன்காரியோடு அவனுக்குப் பழைய கணக்கு எதுவும் கிடையாது. அவள் என்ன ஜாதி என்று அவனுக்குத் தெரியாது; அவன் என்ன ஜாதி என்று அவளுக்குத் தெரியாது. அவள் அவன் வீட்டுக் கிணற்றில் தண்ணீர் கேட்கப் போவதில்லை. அவள் பிள்ளை அவன் பிள்ளையோடு ஒரே பெஞ்சியில் உட்காரப் போவதில்லை. நாளைக்கு விமானம் ஏறினால் எல்லாம் தீர்ந்தது. எந்தப் பொறுப்பும் இல்லாத இடத்தில் பரந்த மனப்பான்மை கொள்வது ரொம்ப எளிது. அங்கே அது ஒரு குணம் இல்லை, ஒரு சௌகரியம்.

பக்கத்தில் இருப்பவளோடு கணக்கு இருக்கிறது. 2021 டிசம்பரில் கன்னியாகுமரி ஜில்லா குளச்சலில் நடந்தது பலருக்கு ஞாபகம் இருக்கும். மீன் விற்றுவிட்டு வீட்டுக்குத் திரும்பிய வயதான ஒரு பெண்மணியை, நாற்றம் அடிக்கிறது என்று சொல்லி பஸ்ஸிலிருந்து இறக்கிவிட்டார்கள். பஸ் நிலையத்தில் அந்த அம்மாள் நின்று நியாயம் கேட்டு அழுததை நாடு முழுவதும் பார்த்தது. முதலமைச்சர் கண்டித்தார், ஊழியர்கள் மேல் நடவடிக்கை எடுத்தார்கள். அதெல்லாம் சரிதான். அந்த பஸ்ஸில் உட்கார்ந்திருந்தவர்களை நினைத்துப் பார்க்கிறேன். குளச்சல் கடற்கரை ஊர். அந்த பஸ்ஸில் இருந்தவர்களில் எத்தனையோ பேர் அன்றைக்கு மத்தியானம் மீன் குழம்பு சாப்பிட்டவர்களாகத்தான் இருக்க வேண்டும். மீன் அவர்களுக்கு வேண்டியிருந்தது. மீனைச் சுமந்தவள்தான் வேண்டியிருக்கவில்லை.

அதனால் மரக்கறிக்காரர்கள் அருவருப்புக்காரர்கள், மீன் தின்கிறவர்கள் நல்லவர்கள் என்று பிரித்துவிட முடியாது. தட்டில் இருப்பதை விரும்பி, அதைக் கொண்டுவந்த கையைக் கழுவச் சொல்லும் வழக்கம் எல்லாச் சமையற்கட்டிலும் உண்டு.

நாகப்பட்டினத்தில் எனக்கு ஒரு நண்பர் உண்டு. பள்ளிக்கூட வாத்தியாராக இருந்து ஓய்வு பெற்றவர். அவருடைய தகப்பனார் கட்டுமரத்தில் போனவர். நான் பிறந்த வீட்டுப் பழக்கத்தால் மீன் சாப்பிடுவதில்லை. ஆனாலும் அந்தத் துறைமுகத்தைப் பார்க்க வேண்டும் என்று கேட்டேன். "சாப்பிடாதவர் வந்து என்ன பார்க்கப் போகிறீர்கள்?" என்று அவர் கேட்கவில்லை. "நாலு மணிக்கு எழுந்திருப்பீர்களா?" என்றுதான் கேட்டார்.

விடியற்காலையில் அந்த இடம் ஒரு பெரிய கல்யாண வீடு மாதிரி இருக்கிறது. விசைப்படகுகள் அணிவகுத்து நிற்கின்றன. ஐஸ் கட்டியை உடைக்கும் சத்தம். பிளாஸ்டிக் பெட்டிகள் கை மாறுகின்றன. வஞ்சிரம், வவ்வால், கொடுவா, சங்கரா, பாறை, வாளை, திருக்கை, கணவாய், இறால், நண்டு. குவியல் குவியலாக மத்தியும் நெத்திலியும் காரப்பொடியும். ஏலம் விடுகிறவர் தொகையை ஒரு ராகத்தில் ஏற்றிக்கொண்டே போகிறார். யார் தலையாட்டினார்கள், எந்தக் கண் சிமிட்டிற்று, எப்படி முடிந்தது என்று வெளியாளுக்கு ஒன்றும் புரியாது. அதற்குள் அடுத்த குவியலுக்குப் போய்விட்டார்கள். ஏலம் எடுத்த பெண்கள் அங்கேயே குந்தி உட்கார்ந்து, பெரியதைப் பெரியதோடும் சிறியதைச் சிறியதோடும் பிரித்துக் கூடையில் அடுக்கி, மேலே ஐஸைத் தூவி, பஸ்ஸைப் பிடிக்க ஓடுகிறார்கள்.

நண்பர் என்னை ஒரு அம்மாளிடம் அழைத்துப் போனார். அறுபது வயதுக்கு மேல் இருக்கும். "அக்கா, இவரு நம்ம ஆளு. மீன் திங்க மாட்டாரு. சும்மா பாக்க வந்திருக்காரு" என்றார்.

"திங்கலேன்னா என்ன? வெலை கேக்கலாமுல்ல? கேளுங்க சார். கேக்குறதுக்குக் காசு வாங்க மாட்டேன்" என்றார் அந்த அம்மாள். சுற்றி இருந்தவர்கள் சிரித்தார்கள். நானும் சிரித்தேன். பிறகு அவரே ஒரு கொடுவாயின் செவுளைத் தூக்கிக் காட்டினார். ரத்தச் சிவப்பாக இருந்தால் புதுசு, வெளுத்திருந்தால் பழசு. கண் தெளிவாக இருக்க வேண்டும், உள்ளே அமுங்கியிருக்கக் கூடாது. விரலால் அழுத்தினால் பள்ளம் உடனே நிரம்ப வேண்டும். எனக்கு ஒரு நாளும் உபயோகப்படாத அந்தப் பாடத்தை, ஒரு வியாபாரமும் ஆகாது என்று தெரிந்தே, ஐந்து நிமிஷம் செலவழித்துச் சொல்லிக் கொடுத்தார். "எந்த ஊரு?" என்று கேட்டார். தஞ்சாவூர்ப் பக்கம் என்றேன். "அங்கெல்லாம் ரயில்ல கூடையோட வந்திருக்கேன் சார், வயசுல. சில தெருவுக்குள்ள போவ மாட்டோம். மொனையில நின்னு கொரலு குடுப்போம். வேணுங்கறவங்க வந்து வாங்கிக்குவாங்க" என்றார். குறை சொல்லுகிற குரலில் சொல்லவில்லை. ரயில் எத்தனை மணிக்கு என்று சொல்லுகிற குரலில் சொன்னார்.

அந்தக் கடற்கரையைப் பற்றி இன்னும் இரண்டு விஷயம் சொல்லத்தான் வேண்டும். ஒன்று, வருஷத்தில் அறுபத்தொரு நாள் விசைப்படகுகள் அங்கே கடலுக்குப் போவதில்லை. ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை. மீன் இனம் பெருகுவதற்காக 2001-ல் 45 நாளாகத் தொடங்கிய இந்தத் தடை 2017-ல் 61 நாளாக நீண்டது. அந்த இரண்டு மாதமும் நாட்டுப் படகுகள் கொண்டுவரும் கொஞ்சம் மீன்தான். வாங்குகிறவர்கள் விலை ஏறிவிட்டது என்று அலுத்துக்கொள்கிறார்கள். அடுத்த வருஷம் நம் சட்டியில் மீன் இருக்க வேண்டும் என்பதற்காக இந்த வருஷம் ஒரு ஊரே படகைக் கரையில் கட்டிப்போட்டுக் கடன் வாங்கிச் சாப்பிடுகிறது என்பது விலையில் எழுதப்பட்டிருக்காது.

இன்னொன்று 2004 டிசம்பர் 26. அன்று காலை கடல் ஊருக்குள் வந்தது. நாகப்பட்டினம் ஜில்லாவில் மட்டும் ஆறாயிரம் பேருக்கு மேல் மாண்டார்கள். இந்தியாவில் வேறெந்த ஜில்லாவிலும் அத்தனை பேர் போகவில்லை. அதற்கப்புறம் நடந்ததைப் பலர் மறந்துவிட்டார்கள். மீன்கள் பிணத்தைத் தின்றிருக்கும் என்ற எண்ணத்தில் ஜனங்கள் பல வாரங்கள் மீன் வாங்கவே பயந்தார்கள். பிள்ளையைப் பறிகொடுத்தவள் துக்கத்தை விழுங்கிக்கொண்டு, வேறு வழியில்லாமல் கூடையைத் தூக்கிக்கொண்டு போனால், வாங்க ஆளில்லை. கடல் அடித்தது ஒரு நாள். வாடிக்கைக்காரர்களின் பயம் அடித்தது பல நாள். உணவு என்பது நம்பிக்கையின் பேரில் நடக்கிற வியாபாரம் என்பது அப்போது தெரிந்தது. நம்பிக்கை இல்லாவிட்டால் செவுள் எவ்வளவு சிவப்பாக இருந்தாலும் பிரயோஜனம் இல்லை.

இதையெல்லாம் எனக்குத் தெரியவைத்தது அந்த நண்பர். அவர் இல்லாமல் நான் தனியாகப் போயிருந்தாலும் அதே மீனைப் பார்த்திருப்பேன். அந்த அம்மாள் என்னை ஒரு தரம் ஏறிட்டுப் பார்த்துவிட்டு வேலையைக் கவனித்திருப்பார். "நம்ம ஆளு" என்ற இரண்டு வார்த்தை என்ன செய்தது?

வழிகாட்டி என்றால் நமக்குத் தஞ்சைப் பெரிய கோயில் வாசலில் நிற்பவர்தான் ஞாபகம் வருகிறார். 1010-ல் ராஜராஜன் கட்டி முடித்த கோபுரத்தின் நிழல் தரையில் விழாது என்று அவர் சொல்வார். மாலை நேரத்தில் அந்த நிழல் பிராகாரத்தில் நீளமாக விழுந்து கிடக்கும். அதில் நின்றுகொண்டே, வெயிலுக்கு இதமாக, ஜனங்கள் அந்தக் கதையைக் கேட்டுத் தலையாட்டுவார்கள். கேட்பவன் எதை விரும்புகிறானோ அதைக் காட்டுவது வழிகாட்டித் தொழிலின் இயல்பு. சோற்று விஷயத்திலும் இப்படி உண்டு. எந்த ஊரிலும் வெளியூர்க்காரனை அழைத்துப் போக என்று நாலு கடை இருக்கும். உள்ளூர்க்காரன் அங்கே சாப்பிட மாட்டான். வழிகாட்டி காட்டுவது உண்மையான ஊர்தானா என்று சந்தேகப்படுகிறவர்கள் சொல்வதில் நியாயம் இருக்கிறது.

ஆனால் நாகப்பட்டினத்து நண்பர் எனக்கு எதையும் காட்டவில்லை என்றுதான் சொல்ல வேண்டும். காட்டியதெல்லாம் அந்த அம்மாள். நண்பர் செய்தது ஜாமீன் கொடுத்ததுதான். இந்த ஆளுக்கு நான் பொறுப்பு, இவர் மூக்கைப் பொத்திக்கொள்ள மாட்டார், உன்னைக் கேட்காமல் படம் பிடிக்க மாட்டார், திரும்பிப் போய் உன்னைப் பற்றி இளக்காரமாகப் பேச மாட்டார் என்று தன் முகத்தை அடகு வைத்தார். நான் தப்பாக நடந்திருந்தால் மறுநாள் அந்தக் கரையில் தலைகுனிந்து நிற்பவர் அவர்தான். ஆகவே அங்கே நின்ற ஒவ்வொரு நிமிஷமும் எனக்கு ஒரு கடமை இருந்தது. காசு கொடுத்து வாங்குகிறவனுக்கு அந்தக் கடமை இல்லை. அவன் காசைக் கொடுத்துவிட்டால் கணக்கு தீர்ந்துவிடுகிறது. ஜாமீனில் வந்தவன் கணக்கு தீராது.

இந்த ஜாமீன் சமாசாரத்துக்குத் தஞ்சை ஜில்லா புதிசில்லை. 1930 ஏப்ரலில் ராஜாஜி சுமார் நூறு தொண்டர்களோடு திருச்சியிலிருந்து வேதாரண்யத்துக்கு உப்பு எடுக்க நடந்தார். ஜில்லா கலெக்டராக இருந்த தோர்ன் துரை, அந்த யாத்திரைக்காரர்களுக்குச் சோறோ இடமோ கொடுப்பவர்களுக்குச் சிறை என்று உத்தரவு போட்டார். புத்திசாலித்தனமான உத்தரவு. தடியால் அடிப்பதைவிடப் பட்டினி போடுவது லேசு என்று அவர் நினைத்தார். தஞ்சாவூர்க்காரர்கள் வழிநெடுக மரக்கிளைகளில் சோற்றுப் பொட்டலங்களைக் கட்டித் தொங்கவிட்டார்கள் என்பது இன்றும் இங்கே சொல்லப்படும் கதை. கொடுத்தது யார் என்று தெரியாது. தின்றவர்களுக்கும் தெரியாது. துணிந்து வீட்டுக்குள் அழைத்து உபசரித்துச் சிறை போனவர்களும் உண்டு. அந்தப் பொட்டலத்தைப் பிரித்தவர்களில் பல ஜாதிக்காரர்களும் இருந்தார்கள். கட்டித் தொங்கவிட்ட கை எந்த ஜாதிக் கை என்று கேட்க வழியில்லை. ஒரு வெள்ளைக்காரரின் உத்தரவு, தஞ்சாவூர் ஜில்லாவில் ஒரு பத்துப் பதினைந்து நாளைக்குச் சோற்றிலிருந்து ஜாதியை எடுத்துவிட்டது.

அந்த ஏப்ரல் முடிந்ததும் ஜாதி திரும்ப வந்து சோற்றில் உட்கார்ந்துகொண்டது. சென்னை திருவல்லிக்கேணியில் ஒரு சாப்பாட்டுக் கடைப் பலகையில் இருந்த 'பிராமணாள்' என்ற ஒரு சொல்லை எடுக்கச் சொல்லிப் பெரியார் 1957-ல் பல மாதம் மறியல் நடத்த வேண்டியிருந்தது. இன்று அந்த மாதிரிப் பலகையைக் காண்பது அரிது. நாகூருக்கு ஒரு சாயங்காலம் போய்ப் பார்க்கலாம். தஞ்சை மராட்டிய ராஜா பிரதாப சிம்மன் எழுப்பிய 131 அடி மினாராவின் அடியில் எல்லா மதத்துக்காரர்களும் நடமாடுகிறார்கள். தெருவோரத்தில் அரிசி மாவில் இறாலைப் பதித்துப் பொரிக்கும் 'வாடா' சுடச்சுட இறங்குகிறது. இறால் வேண்டாதவர்கள் அல்வாக் கடையில் நிற்கிறார்கள். தெருவில் நின்று தின்பது ஒரு காலத்தில் நம் பெரியவர்களுக்குக் கேவலம். எச்சில், தீட்டு, கண் திருஷ்டி என்று எத்தனையோ காரணம் சொன்னார்கள். ஒரு காரணத்தை மட்டும் சொல்லவில்லை. தெருவில் பந்தி இல்லை. முந்தி யார், பிந்தி யார் என்ற வரிசை இல்லை. அதுதான் அவர்களுக்குச் சங்கடம்.

சோறு இப்படிக் கொஞ்சம் வெளியே வந்துவிட்டது. குடி வரவில்லை. கொரியாவிலிருந்து வந்த பேரன் கடைசியாகப் பாட்டி உள்ளே போன பிறகு சொல்லும் விஷயம் அதுதான். அங்கே குடிப்பதற்கு ஒரு முறை இருக்கிறது. தன் கிண்ணத்தைத் தானே நிரப்பிக்கொள்ளக் கூடாது. பக்கத்திலிருப்பவர் ஊற்ற வேண்டும். பெரியவர் ஊற்றினால் இரண்டு கையாலும் வாங்க வேண்டும். பெரியவர் எதிரில் குடிக்கும்போது முகத்தைப் பக்கவாட்டில் திருப்பிக்கொள்ள வேண்டும். சோஜு என்ற தெளிந்த சாராயத்துக்கும், மக்கொலி என்ற வெள்ளை அரிசிக் கள்ளுக்கும் அதே மரியாதை. அங்கேயும் அதிகமாகக் குடிக்கிறார்கள். மேலதிகாரி ஊற்றுவதை மறுக்க முடியாமல் அவஸ்தைப்படுகிறவர்களும் அங்கே உண்டு. அதைச் சுவர்க்கமென்று நினைத்துவிட வேண்டாம். ஆனால் ஒருத்தன் கிண்ணத்தின் மேல் இன்னொருத்தன் கண் இருக்கிறது.

நம்மிடம் அப்படி இருந்ததே இல்லையா? காவிரி கடலோடு கலக்கும் இடத்தில் இருந்த பூம்புகாரைப் பாடிய பட்டினப்பாலை, கள்ளுக்கடை வாசலில் பறந்த கொடியையும் அங்கே மீனும் இறைச்சியும் பொரிபட்ட சத்தத்தையும் ஒளிக்காமல் சொல்கிறது. அதியமான் இறந்தபோது ஒளவை அழுத அழுகையில் முதலில் ஞாபகத்துக்கு வருவதே அவன் கள்ளைப் பகிர்ந்துகொண்ட விதம்தான். கொஞ்சம் இருந்தால் தனக்கு வைத்துக்கொள்ளாமல் கொடுப்பான், நிறைய இருந்தால் கூட உட்காருவான் என்று சொல்லி அழுகிறாள். அதே நாட்டில் வள்ளுவர் கள்ளுண்ணாமைக்கு ஒரு அதிகாரமும் புலால் மறுத்தலுக்கு ஒரு அதிகாரமும் ஒதுக்கினார். இருவரும் நம்மவர்கள். ஒருவரை வைத்து இன்னொருவரை அழிக்க வேண்டியதில்லை. குடிக்காதே என்று சொன்னவர், கொடுத்துக் குடித்தவன் இருவருக்கும் பொதுவாக ஒன்று இருந்தது: குடியை மனிதனின் நடத்தையோடு சேர்த்துப் பார்த்தார்கள்.

நாம் அதைச் சட்டத்தோடு மட்டும் சேர்த்துப் பார்த்துவிட்டோம். அதே ராஜாஜி 1937-ல் சேலம் ஜில்லாவில் மதுவிலக்கைக் கொண்டுவந்தார். 1948-ல் அது மாகாணம் முழுவதும் பரவிற்று. 1971-ல் தளர்ந்து, 1974-க்குள் மறுபடி இறுகி, 1981-ல் மறுபடி தளர்ந்தது. இன்று கள்ளுக்கடையும் சாராயக்கடையும் தமிழ்நாட்டில் இல்லை. சீமைச் சரக்கு என்று நாம் சொல்லும் உள்நாட்டுச் சரக்கை மட்டும், 2003-லிருந்து, அரசு நிறுவனமே கடை வைத்து விற்கிறது. பனைமரம் நம்முடைய மாநில மரம். பாளையை இடுக்கி, தட்டி, மெல்லிசாகச் சீவி, கீழே கட்டிய கலயத்தின் உட்புறம் சுண்ணாம்பு தடவியிருந்தால் இறங்குவது பதநீர். தடவாவிட்டால் சில மணி நேரத்தில் அது கள். நடுவில் இருப்பது ஒரு விரல் சுண்ணாம்பு. அந்தச் சுண்ணாம்பு இல்லாவிட்டால் மரம் ஏறினவன் குற்றவாளி.

நாகூரைத் தாண்டி வாஞ்சூர் எல்லையைக் கடந்தால் காரைக்கால். 1954 வரை பிரெஞ்சுக்காரர்களிடம் இருந்த ஊர். இன்று புதுச்சேரி ஆட்சியில் இருக்கிறது. அங்கே கள்ளும் சாராயமும் சட்டப்படி விற்கிறார்கள். அதே காவிரிப் பாசனம், அதே பனை, அதே பாளை, அதே தமிழ். ரோட்டின் குறுக்கே ஒரு சோதனைச் சாவடி. இந்தப் பக்கம் குற்றம், அந்தப் பக்கம் தொழில். ஒரு கலயத்துக் கள்ளின் தர்மம் அது எந்தத் தாலுகாவில் பிறந்தது என்பதைப் பொறுத்து மாறுமென்றால், சட்டம் நமக்கு வரிக்கணக்கு சொல்லித்தரலாம், தர்மத்தைச் சொல்லித்தராது. கொரியாவிலும் இப்படி ஒரு வேடிக்கை நடந்தது. அரிசி போதாமல் 1965-ல் அரிசியில் மது செய்யக் கூடாது என்று தடுத்தார்கள். மக்கொலிக்குக் கோதுமை மாவைப் போட்டுக் காலம் தள்ளினார்கள். பிற்பாடு தடை போயிற்று. 2021-ல் அந்த மக்கொலி செய்யும் முறையைத் தேசத்தின் பண்பாட்டுச் செல்வம் என்று அந்த அரசாங்கமே அறிவித்தது.

கள்ளுக்கடையைத் திறக்க வேண்டும் என்று வாதாடுவது என் நோக்கமில்லை. குடியினால் பாழான குடும்பங்களைப் பார்த்தவர்கள் சொல்லட்டும் அதை. 2024 ஜூனில் கள்ளக்குறிச்சியில் விஷச் சாராயம் குடித்து அறுபது பேருக்கு மேல் செத்தார்கள். என் மனசில் நிற்பது அவர்கள் குடித்த இடமும் விதமும்தான். பாக்கெட்டில் வாங்கி, ஒதுக்குப்புறமாகப் போய், ஒரே மூச்சில் ஊற்றிக்கொண்டு வருவது. யாரும் ஊற்றிக்கொடுக்கவில்லை, யாரும் பார்க்கவில்லை, போதும் என்று யாரும் கையைப் பிடிக்கவில்லை. நாகரிகமான கடையில் வாங்குகிறவனும் ஒரு தினுசில் அப்படித்தான், சுவரைப் பார்த்து நின்று குடித்துவிட்டு வாயில் பாக்கைப் போட்டுக்கொண்டு வெளியே வருகிறான். கள்ளிலும் சாராயத்திலும் இருக்கிற விஷம் ஒன்று. துணையில்லாமல் குடிப்பதில் இருக்கிற விஷம் இன்னொன்று. முதலாவதை ரசாயனக்காரர் பரிசோதிக்கலாம்.

மீனுக்கும் கள்ளுக்கும் இப்படி ஒரே விதிதான். பார்க்க மாட்டோம் என்று முகத்தைத் திருப்பிக்கொண்ட இடத்தில் முறை அழிந்துபோகிறது. முறை அழிந்த பிறகு, பார்த்தாயா, எவ்வளவு அசிங்கம் என்று அதையே காரணமாகச் சொல்கிறோம்.

இங்கே ஒருவர் எழுந்து கேட்கலாம்: "சரி, எல்லோரும் கும்பல் கும்பலாக நாகப்பட்டினம் கரைக்கும் காரைக்கால் கடைக்கும் போய்ப் பார்த்துவிட்டு வந்தால் ஆகிவிட்டதா? பிறத்தியார் பாட்டை வேடிக்கை பார்ப்பது மட்டும் தர்மமா?" நல்ல கேள்வி. வேடிக்கை பார்ப்பதற்கும் விருந்துக்குப் போவதற்கும் வித்தியாசம் உண்டு. சாப்பிட்டோமா இல்லையா என்பதல்ல அது. நான் அந்தக் கரையில் ஒன்றும் சாப்பிடவில்லை. சாப்பிடாமலே விருந்தாளியாக இருக்கலாம். மூன்று வேளை சாப்பிட்டும் வேடிக்கை பார்ப்பவனாகவே இருக்கலாம். விரதத்துக்கும் அருவருப்புக்கும் உள்ள தூரம் ரொம்பப் பெரிசு. எனக்கு வேண்டாம் என்பது விரதம். நீயே வேண்டாம் என்பது அருவருப்பு. நம் வீடுகளில் இரண்டாவது, முதலாவதின் மடிசாரைக் கட்டிக்கொண்டு வெகுகாலமாக நடமாடிக்கொண்டிருக்கிறது.

விருந்துக்கு ஒரு அடையாளம் உண்டு. அது திரும்பி வரும். இன்று நான் உன் வாசலுக்கு வந்தேன் என்றால் நாளைக்கு நீ என் வாசலுக்கு வரலாம் என்று அர்த்தம். சியோலுக்குப் போய்வந்த பேரனிடம் யாரும் இந்தக் கேள்வியைக் கேட்கப் போவதில்லை. ஜகால்ச்சி மீன்காரி தஞ்சாவூருக்கு வந்து வாசற்படியில் நிற்கப் போவதில்லை. அதனால்தான் அந்த மீனுக்கு அத்தனை மணம். நாகப்பட்டினத்து அம்மாள் ரயிலில் இரண்டு மணி நேரத் தூரத்தில் இருக்கிறார். தெரு முனை வரைக்கும் ஏற்கெனவே வந்திருக்கிறார். முனையிலிருந்து வாசலுக்கு எவ்வளவு தூரம் என்பதை அவர் அளக்க முடியாது. உள்ளே இருக்கிறவர்கள்தான் அளக்க வேண்டும்.

வெயிலில் வந்தவருக்கு முதலில் கொடுக்க வேண்டியது தண்ணீர். அதை எந்தச் செம்பில் கொடுப்பது என்று ஒரு கணம்கூடத் தயங்காமல் கொடுக்க முடிகிற வீட்டில், கொரியாவைப் பற்றி எவ்வளவு நேரம் வேண்டுமானாலும் பேசலாம்.